இராக்கம்மா பேரில்

ஹாலிஎல
24.11.2024

அன்புள்ள தங்கச்சி சுதர்ஷினிக்கு,

நான் சுகமாக இருப்பதாக எழுதினால் நீ நம்பப்போவதில்லை. அதனால் அதை விட்டுவிடுகிறேன். நீயாவது அந்த வெயிலில் உடம்பைக் கெடுத்துக்கொள்ளாமல் இருக்க வேண்டும் என்று, உன் மேல் எவ்வளவு கோபம் இருந்தாலும், தினமும் நினைக்கிறேன்.

உன் பக்கத்தில் வேலை பார்க்கிற ஸப்ரான் லீவு முடிந்து வியாழக்கிழமை குவைத்துக்குத் திரும்புகிறார். இந்தக் கடிதத்தை அவர் கையில் கொடுக்கிறேன். வெள்ளிக்கிழமைகளில் உன் மேடம் போனைத் தருகிற கொஞ்ச நேரத்தில் பேசி முடிக்கிற விஷயம் இல்லை இது. பேசினால் நான் கத்துவேன், நீ அழுவாய், லைன் அறுந்துபோகும். எழுத்து என்றால் கடைசிவரை வாசிப்பாய்.

முதலில் வீட்டுச் செய்தி. இந்த மாத மழைக்கு நமுனுகுலைப் பக்கம் மண் இறங்கி இரண்டு நாள் பஸ் ஓடவில்லை. நம் தோட்டத்தில் சேதமில்லை, லயத்துக் கூரை மட்டும் எப்போதும்போல் ஒழுகுகிறது. அம்மாவின் திதியை நானே செய்தேன். மகள் வரவில்லையா என்று ஐயர் கேட்டார். அவர் வருடா வருடம் கேட்கிறார். செத்த வீட்டுக்கே வராதவள் திதிக்கு வருவாளா என்று நானும் வருடா வருடம் சொல்கிறேன். பள்ளிக்கூடத்தில் எனக்கு இந்த முறையும் அதிபர் பதவி இல்லை. என்னைவிட மிகவும் இளையவன் ஒருவனுக்குக் கொடுத்திருக்கிறார்கள். காரணத்தை யாரும் வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். கொலைகாரனின் அண்ணன் காலைக் கூட்டத்தில் நின்று பிள்ளைகளுக்கு ஒழுக்கம் போதிப்பது நன்றாக இருக்காதே, அதுதான்.

இனி நான் எழுத வந்தது. தம்பி ரஜீவின் அப்பீலை மார்ச் மாதம் விசாரணைக்கு எடுக்கிறார்கள். இந்த நாட்டில் மரண தண்டனை என்றால் தூக்கில் போடுவதில்லை, சாகும்வரை வெளியே விடுவதுமில்லை. இதுவும் தோற்றால் எங்கள் அண்ணன் தம்பி உறவு கம்பிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாகவே முடிந்துபோகும். கொழும்பில் அம்பலவாணர் என்ற வக்கீல் பார்க்கிறார். ஹைகோர்ட்டில் அரசாங்கம் போட்டுக் கொடுத்த பையனைப் போல் இல்லை, வழக்குப் பதிவு முழுவதையும் வாசித்திருக்கிறார். யாழ்ப்பாணத்துக்காரர். தோட்டத்து ஆட்களிடம் ஒரு படி மேலே நின்றுதான் பேசுகிறார். நான் அதைக் கவனிக்காமலில்லை. ஆனால் வேலை தெரிந்தவர்.

அவர் ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டினார். கொழுந்து எடுக்கிறவர்களை மேற்பார்த்த கணபதி கணக்கப்பிள்ளை ஏழாம் நம்பர் தேயிலை மலைக்கு அடியில், ஓடைக் குறுக்குப் பாதையில் வெட்டுப்பட்டுக் கிடந்தான். பொலிஸ் முதலில் பிடித்தது தேயிலைக் கொழுந்து லொறி ஓட்டிய றிகாஸை. எப்போதோ ஒருநாள் கொழுந்து நிறுக்கும்போது இரண்டு பேருக்கும் வாய்த்தர்க்கமாம், அது போதுமாக இருந்தது. அவனை அடித்த அடியில் ஒரு கை இன்றைக்கும் தோளுக்கு மேலே எழும்பாது. தான்தான் செய்தேன் என்று ஒரு கடதாசியில் கையெழுத்தும் வாங்கிவிட்டார்கள். ஐந்து நாள் கழித்து அவனை விட்டுவிட்டு ரஜீவைக் கொண்டுபோனார்கள். ஏனென்றால் அந்த ஐந்தாம் நாள்தான் நம் லயத்து இராக்கம்மாவுக்குக் கண் திறந்தது. ஓடைக்கரைத் தேயிலை நிரையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தபோது ரஜீவ் வெட்டியதைத் தன் கண்ணால் கண்டதாகச் சொன்னாள். சிங்களத்தில் எழுதி, வாசித்துக் காட்டாமலே அவள் பெருவிரலை அமுக்கியிருக்கிறார்கள். மரண விசாரணையில் ஒரு வெட்டு என்றாள். ஹைகோர்ட்டில் எத்தனை என்று ஞாபகமில்லை என்றாள். டாக்டரின் அறிக்கையில் மூன்று. அன்றைய பனியில் பக்கத்து நிரையில் நின்ற ஆளே தெரியாதாம், ஆனால் இவளுக்கு எல்லாம் தெரிந்ததாம். தேயிலைச் செடிக்கு அடியில் கிளை வெட்டுகிற கவ்வாத்துக் கத்தி ஒன்றை எடுத்தார்கள். அந்தக் கத்தி இல்லாத வீடு தோட்டத்தில் எது? அதிலிருந்த இரத்தம் யாருடையது என்று பார்க்க அனுப்பவே இல்லை.

அம்பலவாணர் சொன்னார்: ‘மாஸ்டர், சாட்சி பொய் எண்டு காட்டுறது ஒரு வேலை. எதிரிக் கூண்டில நிக்கிறவர் சுத்தவாளி எண்டு காட்டுறது வேற வேலை. அப்பீலில எனக்கு முதல் வேலை போதும்.’ எனக்கு அந்தப் பேச்சுப் பிடிக்கவில்லை. என் தம்பி சுத்தவாளி, அதைச் சொல்லித்தான் வெல்ல வேண்டும் என்றேன். அவர் சிரித்துவிட்டு, ‘நம்புறதுக்கு நீங்கள் இருக்கிறியள். வாதாட நான் இருக்கிறன்’ என்றார்.

இப்போது கவனமாக வாசி. இந்த மாதம் பன்னிரண்டாம் தேதி ஆறாம் வகுப்பில் ஒரு பிள்ளை புதுச் சட்டை போட்டுக்கொண்டு எனக்கு டொபி நீட்டியது. பிறந்தநாளாம். இராக்கம்மாவின் மகள் வயிற்றுப் பேத்தி அது. அந்த வீட்டு டொபியை நான் தொடமாட்டேன், மேசையில் வைக்கச் சொன்னேன். ஆனால் அந்தத் தேதி எனக்கு மறக்காது. கணபதி செத்த தேதி. வருடத்தை எண்ணிப் பார்த்தேன், அதுவும் அதே வருடம். எங்கே பிறந்தாய் என்று சும்மா கேட்பதுபோல் கேட்டேன். ‘பதுளை ஆஸ்பத்திரியில சேர். பகல்ல. மொதல்ல என்னைய கையில வாங்குனது அம்மாச்சிதானாம். அன்னிக்கி மழையில பஸ்ஸு இல்லாம அம்மாச்சி பொழுது சாஞ்சுதான் தோட்டத்துக்கு வந்துச்சாம்’ என்றது.

பகலெல்லாம் பதுளையில் நின்றவள் ஏழாம் நம்பர் மலையில் எதைக் கண்டாள்?

அவள் பேர் அன்று மலை வேலைப் பதிவில் விழுந்திருக்கிறது, அதை நம்பித்தான் பொலிஸும் கோர்ட்டும் அவளை அங்கே நிறுத்தினார்கள். லயத்தில் பிறந்த நமக்கு இது எப்படி என்று சொல்லித் தர வேண்டியதில்லை. காலைப் பெரட்டில் போய்ப் பேர் பதிய முடியாதவள் தன் பேரில் இன்னொருத்தியை அனுப்புவாள். கணக்கப்பிள்ளை கண்டும் காணாமல் விடுவான். தோட்டத்துத் துரைக்குத் தெரிந்தால் இரண்டு பேருக்கும் வேலை போகும் என்பதால் மலை முழுக்க வாயை மூடிக்கொண்டிருக்கும். இதை நான் சொன்னபோது அம்பலவாணர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தார். பிறகு சொன்னார்: ‘பிள்ளை பிறந்த இடத்தில அம்மம்மா நிண்டவ எண்டதுக்கு ஆதாரமில்லை. அந்த மலையில உண்மையா நிண்ட மனுசியைக் கொண்டு வாங்கோ. இந்தக் கட்டத்தில புதுச் சாட்சியை லேசில எடுக்கமாட்டினம். ஆனா இப்பிடி ஒண்டெண்டால் கேப்பினம். அவ ஒரு சத்தியக் கடதாசி முடிச்சுத் தந்தால் இராக்கம்மாவின்ர சாட்சி அதோட முடிஞ்சுது.’

லயத்தில் போய்க் கேட்டேன். எல்லோரும் வாயில் வெற்றிலையை அடக்கிக்கொள்கிறார்கள். டவுனுக்குக் குடிபோனவனை அவர்கள் தங்கள் ஆளாக நினைப்பதில்லை. அப்போது லயத்தில் இருந்தது நீதான். ஏ.எல். பரீட்சை எழுதிவிட்டு வீட்டில் இருந்தாய். அன்று இராக்கம்மா பேரில் போனது யார் என்று உனக்குத் தெரியாமல் இருக்காது. பேரை மட்டும் எழுதி அனுப்பு, மிச்சத்தை நான் பார்த்துக்கொள்கிறேன். ரஜீவின் வாழ்க்கையில் மண்ணைப் போட்ட அந்தக் கிழவியைப் பொய்க்காரி என்று மூன்று நீதிபதிகள் சொல்ல வேண்டும். அதை நான் என் காதால் கேட்க வேண்டும்.

மறதி என்று சொல்லாதே. சின்ன அண்ணனை நினைத்து எழுது.

உன் பதிலை எதிர்பார்க்கும் பெரிய அண்ணன்,
விஜேந்திரன்


ஹாலிஎல
02.02.2025

அன்புள்ள தங்கச்சிக்கு,

ஸப்ரானின் போனிலிருந்து நீ அனுப்பிய பதில் அப்போதே கிடைத்தது. ‘அண்ணா, எனக்கு ஒன்றும் தெரியாது.’ ஒரே வரி. அதை வாசித்துவிட்டு உன்னை என்னவெல்லாம் ஏசினேன் என்பதை உன் அண்ணி சொல்வாள். இந்தக் கடிதத்தைத் தபாலில் அனுப்புகிறேன். வேறு யார் கையிலும் கொடுக்க மனமில்லை. வாசித்ததும் கிழித்துவிடு.

பொங்கலுக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை இராக்கம்மா வீட்டுக்கு வந்தாள். முழங்கால் வீங்கிய பொம்பளை, தெமோதரை வரை நடந்து வந்து பஸ் ஏறியிருக்கிறாள். நான் உள்ளே வரச் சொல்லவில்லை. உன் அண்ணிதான் கதிரையைப் போட்டாள். அதில் உட்காராமல் வாசல் படியில் உட்கார்ந்துகொண்டு, ‘தம்பி, லயத்துல வீடு வீடா கேட்டுக்கிட்டுத் திரியிறீங்களாம். ஊரெல்லாம் எதுக்குக் கேக்குறீங்க? எங்கிட்ட கேளுங்க’ என்றாள்.

பார்க்காததைப் பார்த்ததாகச் சத்தியம் செய்தாயா என்று கேட்டேன். ‘ஆமாங்க, நான் பாக்கல’ என்றாள். இவ்வளவு லேசாகச் சொல்வாள் என்று நான் நினைக்கவில்லை. வக்கீலுக்குப் போன் பண்ணவே எழுந்துவிட்டேன். அப்போது சொன்னாள்: ‘பாக்கலதான் தம்பி. ஆனா பொய் சொல்லல.’

அன்று பொழுது சாய்ந்து அவள் பதுளையிலிருந்து வந்து சேர்ந்தபோது, நீ கொழுந்து எடுக்கும்போது கட்டுகிற படங்கு இடுப்பில் இருக்க, அவள் லயத்துக் காம்பராக் கதவில் சாய்ந்து நின்றாயாம். ‘பிள்ளைக்குப் பல்லு கிட்டிப்போச்சு. தேத்தண்ணி வச்சுக் குடுத்தேன், கோப்பைய புடிக்க முடியல’ என்றாள். நீ அவளிடம் சொன்னதையெல்லாம் அவள் என்னிடம் சொன்னாள். அவள் பேரில் நீ வந்திருப்பதைக் கண்டுகொண்ட கணபதி, துரையிடம் சொல்லிவிடுவேன் என்று மிரட்டியது. நிரை முடிகிற இடத்தில், ஓடைக்கரையில், உன் கையைப் பிடித்து இழுத்தது. மேலே விறகு வெட்டிக்கொண்டிருந்த ரஜீவ் உன் சத்தத்தைக் கேட்டு இறங்கி வந்தது. வெட்டியது அவன்தான் என்பதை அவள் தலையைக் குனிந்துகொண்டு சொன்னாள். மற்றதை நான் எழுதப்போவதில்லை. எழுதினால் நீ இன்னொரு முறை அங்கே நிற்க வேண்டும்.

‘நீ மலைக்கே போகலடி, நான்தான் போனேன், என் பேருதானே அங்க விழுந்துருக்கு’ என்று உனக்குச் சொல்லி, உன் படங்கை அவிழ்த்துத் தன் அடுப்பில் போட்டுவிட்டாளாம். நீ ஏன் அவள் பேரில் கொழுந்துக்குப் போனாய் என்று கேட்டேன். ‘நீங்க படிக்க வச்ச பிள்ளை. கொழுந்துக்குப் போறது தெரிஞ்சா மாஸ்டர் ஏசுவாருன்னு எம் பேர்லதான் போவும்’ என்றாள்.

ஒன்றும் பார்க்கவில்லை என்று சொல்லிவிடத்தான் இருந்தாளாம். பொலிஸ் இரண்டு முறை வந்தபோதும் அதையே சொல்லியிருக்கிறாள். அவர்கள் எழுதிக்கொள்ளவில்லை, அப்போது அவர்களுக்கு றிகாஸ் போதுமாக இருந்தான். ‘அப்பறம் றிகாஸ் பொண்டாட்டி வயித்துப் புள்ளையோட லயத்துக்கு வந்துச்சு தம்பி. யாராச்சும் பாத்தீங்களா, யாராச்சும் பாத்தீங்களான்னு ஒவ்வொரு காம்பராவா கேட்டுக்கிட்டே போச்சு. செய்யாதவன் அங்க அடிபட்டுச் சாகக் கெடக்குறான். நான் இங்க சோத்த அள்ளி வாயில வைக்கிறேன். நீங்கன்னா என்ன செய்வீங்க?’

எனக்குக் கோபம்தான் வந்தது. அப்படியானால் நடந்ததை நடந்தபடி சொல்லியிருக்கலாமே, சுதர்ஷினிதான் பார்த்தாள் என்று சொல்லியிருக்கலாமே என்று கத்தினேன். அவளும் குரலை உயர்த்தினாள். ‘அண்ணன தூக்குக்கு அனுப்ப தங்கச்சி வாயாலயா சொல்ல வைக்கணும்ங்கிறீங்க? படிச்சவரு பேசுற பேச்சா இது?’ பிறகு உன் அண்ணி கொடுத்த தேநீரைக் குடித்துவிட்டு, ‘டவுனுல தூளுக்கு என்னத்தத்தான் கலக்குறாங்களோ’ என்று முகத்தைச் சுளித்தாள். பஸ் வரை கூடப் போனேன். அவளை மன்னித்துவிட்டேன் என்று எழுதமாட்டேன், எனக்கு அது லேசில் வராது. ஆனால் இத்தனை வருடம் வெறுக்க எனக்கு ஓர் ஆள் இருந்தாள். இப்போது செத்துப்போனவன் ஒருவன்தான் மிச்சம்.

பொங்கல் கழிந்து சிறைக்குப் போனேன். ரஜீவுக்குத் தலை முழுக்க நரைத்துவிட்டது. சிறையில் தையல் வேலை பழகியிருக்கிறான். என் சட்டையைப் பார்த்து, ‘காலர யாருண்ணே இப்புடி வச்சான், எங்கிட்ட குடுங்க’ என்று பகிடி பண்ணினான். நான் நேரடியாகவே கேட்டேன். நீ செய்தாயா என்று. ‘இத்தன காலம் கழிச்சுக் கேக்குறீங்க. நான் செய்யலன்னு நீங்கதாண்ணே சொல்லிக்கிட்டு இருந்தீங்க. நான் ஒரு நாளும் சொல்லல’ என்றான். நினைத்துப் பார்த்தேன், உண்மைதான். கூண்டில் நின்று கேட்டபோதும், தனக்குச் சொல்ல ஒன்றுமில்லை என்றுதான் சொன்னான். அதையும் நான் அந்த வக்கீல் பையனின் கெட்டிக்காரத்தனம் போதாததால் வந்தது என்று நினைத்தேன்.

அம்பலவாணர் கேட்ட மனுசி யார் என்று எனக்குத் தெரிந்துவிட்டது என்றேன். அவன் முகம் மாறிவிட்டது. ‘தங்கச்சி பாப்பாவ இதுல இழுக்காதீங்க. அவ வந்து நின்னா, அவன் அவள என்ன செஞ்சான்னும் கேப்பாங்க. நூறு பேருக்கு முன்னால வச்சுக் கேப்பாங்க. அத யாரும் கேக்கக்கூடாதுன்னுதானே நான் இங்க இருக்கேன்’ என்றான். காவலாளி நேரமாகிவிட்டது என்று சொன்ன பிறகும், ‘சத்தியம் பண்ணுங்கண்ணே’ என்று கேட்டுக்கொண்டே போனான். நான் பண்ணவில்லை.

நான் ஏன் பண்ணவில்லை என்பதை நீ தெரிந்துகொள்ள வேண்டும். வேறு யாரோ ஒருவருடைய வழக்கைப் பற்றிக் கேட்பதுபோல் அம்பலவாணரிடம் ஒன்று கேட்டிருந்தேன். அவர் சொன்னது இது: ‘தங்கச்சியில கை வச்சவனை அந்த இடத்திலயே, அந்தக் கோபத்திலயே வெட்டினதெண்டால் அது கொலையா நிக்காது மாஸ்டர். தண்டனை குறையும். இவ்வளவு காலம் உள்ளுக்க இருந்த ஆளை வெளியில எடுக்கலாம். ஆனா நடந்ததைக் கண்ட ஆள் வந்து சொல்லவேணும்.’ பொய்ச் சாட்சியால் உள்ளே போனான் என்று இத்தனை வருடம் நினைத்தேன். உண்மை முழுவதையும் ஒருவரும் சொல்லாததால்தான் அவன் இன்னும் உள்ளே இருக்கிறான். அவனும் சொல்லவில்லை, அவளும் சொல்லவில்லை, நீயும் சொல்லவில்லை. மூன்று பேரும் ஒருவரையொருவர் காப்பாற்றிக்கொண்டீர்கள். என்னிடம் ஒரு வார்த்தை சொல்ல ஒருவருக்கும் தோன்றவில்லை. அதை நான் மறக்கப்போவதில்லை.

போன வாரம் அம்பலவாணர் கேட்டார், அந்த மனுசி கிடைத்தாளா என்று. இல்லை, விசாரித்துப் பார்த்ததில் அப்படி யாரும் இல்லை என்றேன். எனக்குப் பொய் சொல்லிப் பழக்கமில்லை, அவருக்குப் பொய் கேட்டுப் பழக்கம். பிறகு, ‘சரி மாஸ்டர். பதிவில இருக்கிறதை வச்சு வாதாடுவம். அதில வெல்லவும் இடமிருக்கு, தோக்கவும் இடமிருக்கு’ என்றார். இராக்கம்மா பிந்திச் சொன்னது, மாற்றிச் சொன்னது, பனி, பரிசோதிக்காத கத்தி. இவற்றைத் தராசின் ஒரு தட்டில் வைப்பார்கள். மற்றத் தட்டில் அவள் அழுது அழுது சொன்ன சாட்சி இருக்கும். ஹைகோர்ட் நீதிபதி அவளை நம்பியதற்குக் காரணம் அந்த அழுகை என்று தீர்ப்பிலேயே எழுதியிருக்கிறார்.

அம்மா செத்தபோது நீ ஏன் வரவில்லை என்று இனி உன்னைக் கேட்கமாட்டேன். ஊருக்கு வந்தால் யாராவது எதையாவது கேட்டுவிடுவார்கள் என்று பயந்திருப்பாய். யாரும் கேட்கமாட்டார்கள். லயத்தில் எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது. எனக்கு மட்டும்தான் தெரியாமல் இருந்தது.

தங்கச்சி, உன்னை வா என்று எழுத உட்கார்ந்தேன். வராதே என்றும் எழுத உட்கார்ந்தேன். இரண்டையும் எழுத என்னால் முடியவில்லை. ரஜீவ் என்னிடம் கேட்ட சத்தியத்தை நான் கொடுக்கவுமில்லை, மீறவுமில்லை. கடிதத்தின் பின்பக்கம் அம்பலவாணரின் முகவரியை எழுதினேன். பிறகு வெட்டிவிட்டேன். ஒரே ஒரு கோடுதான் போட்டிருக்கிறேன். கோட்டுக்கு அடியில் எழுத்து தெரியும்.

நீ எதைச் செய்தாலும், செய்யாமல் விட்டாலும், உன் பக்கத்தில் நான் நிற்பேன். இத்தனை நாள் நிற்காதது உன் பக்கம் எது என்று எனக்குத் தெரியாததால். நேரத்துக்குச் சாப்பிடு. முருகன் உன்னைக் கைவிடாமல் இருக்கட்டும்.

உன் பெரிய அண்ணன்,
விஜேந்திரன்